நியாயமான தேவை யாருடையது?
1972ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் பற்றிய ஒரு விமர்சன நோக்கு

சட்டங்களை விமர்சனத்துக்குரிய ஆக்கங்களாகக் கருதும் வழக்கம் நம்மிடையே வளரவில்லை. நாவலொன்றை எடுத்துக்கொண்டால், அது எவரது வாழ்வைச் சொல்கின்றது, எவரைச் சொல்லாது விடுகின்றது, அதன் சொற்களுக்குப் பின்னே நிற்கும் உலகநோக்கு யாது என வினவுகின்றோம். ஆனால் மனிதரின் அன்றாட வாழ்வை எந்த நாவலைக் காட்டிலும் நேரடியாகத் தொடும் சட்ட வாசகங்களை வழக்கறிஞர்க்குரியன என ஒதுக்கிவிடுகின்றோம். சட்டமும் சமுதாயத்தினின்று பிறப்பதே. அதற்கும் கதைமாந்தர் உண்டு. அதற்கும் முன்கூட்டியே தீர்மானிக்கப்பட்ட நல்லோரும் தீயோரும் உண்டு. அதற்கும் மௌனங்கள் உண்டு. இக்கட்டுரை 1972ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க வாடகைச் சட்டத்தை அந்நோக்கில் அணுக முற்படுகின்றது. சட்டத்திற்கு முழு விளக்கவுரை எழுதுதல் இதன் நோக்கமன்று. குடியிருப்பாளரை வெளியேற்றத்தினின்றும் காப்பதற்கு அது செய்த ஏற்பாடுகள் யாவை, அவை எவரைக் காத்தன, எவரைக் காவாது விட்டன என்பனவே ஈண்டு ஆராயப்படும்.

இச்சட்டத்தின் பொருளை உணர்வதற்கு, அது இல்லாவிடின் எது நிலவியிருக்கும் என்பதை முதலில் அறிதல் வேண்டும். இலங்கையின் பொதுச் சட்டமாகிய உரோம-டச்சுச் சட்டத்தின்படி வீட்டு வாடகை என்பது இருவருக்கிடையிலான ஓர் ஒப்பந்தமே. மாத வாடகைக்கு இருப்பவரை ஒரு மாத அறிவித்தல் கொடுத்து வெளியேற்றலாம். காரணம் கூற வேண்டுவதில்லை. விற்பனைக்கு முன்னிற்பது வாடகை என்னும் கோட்பாடு அச்சட்டத்தில் இருந்தது உண்மையே; வீட்டை வாங்கியவர் முன்னைய வாடகை ஒப்பந்தத்தை மதிக்கவேண்டும் என்பது அதன் கருத்து. ஆயினும் ஒப்பந்தத்தின் ஆயுளே ஒரு மாதமாக இருக்குமிடத்து அக்கோட்பாடு எவ்வளவு நிழலைத் தரும்? ஒப்பந்தச் சுதந்திரம் என்பது இரு தரப்பினரும் சம வலுவுடையோராக இருக்கும்போதே பொருளுடையதாகும். வீடின்றித் தெருவில் நிற்பவனும் வீட்டை மூடி வைத்துக் காத்திருக்க வல்லவனும் செய்துகொள்ளும் ஒப்பந்தத்தைச் சுதந்திரமானது என்பது சொல்லளவில் மட்டுமே உண்மையாகும்.

வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டங்கள் இவ்வுண்மையை ஏற்றுக்கொண்டு பிறந்தவை. ஏற்றுக்கொள்ளும்படி ஆட்சியாளர் நிர்ப்பந்திக்கப்பட்டமையாற் பிறந்தவை எனக் கூறுவதே பொருத்தமாகும். முதலாம் உலகப் போரின்போது கிளாஸ்கோ நகரில் ஆயுதத் தொழிற்சாலைகளை நாடித் தொழிலாளர் பெருந்தொகையினராக வந்து குவிந்தனர். வீட்டுடைமையாளர் வாடகையை உயர்த்தினர். மேரி பார்பர் முதலிய பெண்களின் தலைமையில் 1915இல் வாடகை மறுப்புப் போராட்டம் எழுந்தது. கணவன்மார் போர்க்களத்திலும் ஆலைகளிலும் இருக்க, வெளியேற்ற வந்த அலுவலரை வீட்டு வாயிலில் மறித்தவர்கள் பெண்களே. அவ்வாண்டு முடிவதற்குள் பிரித்தானியப் பாராளுமன்றம் வாடகையைப் போர்க்கு முந்திய நிலையில் நிறுத்தும் சட்டத்தை இயற்றவேண்டியதாயிற்று. இரண்டாம் உலகப் போரின்போது அதே தேவை இலங்கைக்கும் வந்தது. 1942ஆம் ஆண்டின் 60ஆம் இலக்க வாடகைக் கட்டுப்பாட்டுக் கட்டளைச் சட்டம் போர்க்கால ஏற்பாடாகவே தோன்றியது. போர் முடிந்த பின்னரும் வீட்டுப் பஞ்சம் முடியவில்லை. எனவே 1948ஆம் ஆண்டின் 29ஆம் இலக்கச் சட்டம் அதன் இடத்தைப் பிடித்தது. தற்காலிகமானதெனக் கருதப்பட்டது நிரந்தரமாயிற்று.

1972ஆம் ஆண்டுச் சட்டம் இம்மரபில் வந்ததெனினும் அதன் தொனி வேறானது. ஐக்கிய முன்னணி அரசாங்கத்தில் வீடமைப்பு அமைச்சராக விளங்கியவர் கம்யூனிஸ்ட் கட்சியைச் சேர்ந்த பீற்றர் கெனமன். வாடகைச் சட்டத்தை அடுத்து, ஒருவர் உடைமையாக வைத்திருக்கக்கூடிய வீடுகளின் தொகைக்கு எல்லை விதிக்கும் வீட்டு ஆதன உச்சவரம்புச் சட்டம் 1973இல் வந்தது. எல்லைக்கு மேற்பட்ட வீடுகளை அவற்றிற் குடியிருப்போரே வாங்கிக்கொள்ளவும் அது வழிவகுத்தது. இவ்விரண்டையும் சேர்த்து நோக்குமிடத்து, வீடு என்பது வருவாய் தரும் சொத்து என்னும் கருத்தினின்று, அது மனிதர் வாழும் இடம் என்னும் கருத்தை நோக்கி நகரும் முயற்சி புலனாகும். அம்முயற்சியின் உயர்வை மறுத்துவிட்டு இச்சட்டத்தை எவரும் நேர்மையாக விமர்சிக்க முடியாது.

சட்டத்தின் உயிர்நிலை அதன் 22ஆம் பிரிவாகும். நியம வாடகை மாதம் நூறு ரூபாவுக்கு மேற்படாத வசிப்பிடங்களிற் குடியிருப்போரை வெளியேற்றுவதற்கு எந்த நீதிமன்றமும் வழக்கை ஏற்றுக்கொள்ளக் கூடாது என்று அது எதிர்மறையாகத் தொடங்குகின்றது. பின்னரே விலக்குகள் சொல்லப்படுகின்றன. வாடகை மூன்று மாதங்களோ அதற்கு மேலாகவோ நிலுவையாய் இருத்தல், வீட்டுடைமையாளருக்கோ அவர்தம் குடும்பத்தவருக்கோ வீடு நியாயமாகத் தேவைப்படுதல், குடியிருப்பாளர் நெடுங்காலம் அங்கு வசியாது விடுதல், அயலாருக்குத் தொல்லையாதல், வீட்டைப் பழுதாக்குதல் முதலியன அவ்விலக்குகளாம். இந்த வாக்கிய அமைப்பே ஒரு கொள்கையைச் சொல்கின்றது. பொதுச் சட்டத்தில் வெளியேற்றமே விதி, தங்கியிருத்தல் சலுகை. இச்சட்டத்திலோ தங்கியிருத்தலே விதி, வெளியேற்றம் விலக்கு. ஒப்பந்தம் முடிந்த பின்னரும் குடியிருப்பாளர் சட்டத்தின் வலுவால் அவ்வீட்டில் இருக்கின்றார். அவரது நிலை ஒப்பந்தத்தினின்று பிறந்ததன்று. சட்டம் அவருக்கு வழங்கிய தகுதியினின்று பிறந்ததாகும்.

இதனைச் சூழ வேறு காவல்களும் அமைக்கப்பட்டன. வீட்டுடைமையாளர் வாடகையை வாங்க மறுத்து, பின்னர் நிலுவை எனக் கூறி வழக்காடுவது பழைய தந்திரம். அதனை முறியடிப்பதற்காக, வாடகையை உள்ளூராட்சி மன்றத்தில் அதற்கென அதிகாரம் பெற்றவரிடம் செலுத்திப் பற்றுச்சீட்டுப் பெறலாம் என 21ஆம் பிரிவு விதித்தது. குடியிருப்பாளர் இறந்தால் அவருடன் வாழ்ந்த குடும்பத்தவர் அந்நிலையைத் தொடர 36ஆம் பிரிவு இடமளித்தது. திருத்த வேலைகளைச் செய்யாது விடும் உடைமையாளருக்கு எதிராக வாடகைச் சபையை நாடவும் வழி திறக்கப்பட்டது. இவை யாவும், ஏட்டிலுள்ள உரிமை வீட்டு வாசலில் எவ்வாறு தோற்கடிக்கப்படும் என்பதை அனுபவத்தாற் கண்டவர்கள் எழுதியவை என்பதிற் சந்தேகமில்லை.

இனி, சட்டத்தின் நடுநாயகமாக நிற்கும் ‘நியாயமான தேவை’ என்னும் தொடரை நோக்குவோம். இதன் பொருளைச் சட்டம் வரையறுக்கவில்லை. நீதிமன்றத்தின் கருத்துக்கு விட்டது. நீதிமன்றங்கள் காலப்போக்கில் இரு தரப்பினரின் இன்னல்களையும் ஒப்பிட்டு நோக்கும் முறையைக் கையாண்டன. உடைமையாளர் வீட்டைப் பெறாவிடின் அடையும் துன்பம் பெரிதா, குடியிருப்பாளர் வீட்டை இழந்தால் அடையும் துன்பம் பெரிதா? வேறு வீடு தேட அவர் உண்மையாக முயன்றாரா? இவ்வினாக்கள் மனிதத்தன்மை உடையவையே. ஆயினும் இம்முறையிலுள்ள முரண்பாடொன்றையும் சுட்டுதல் வேண்டும். நாட்டிலே போதிய வீடுகள் இல்லாமை அரசின் பொறுப்பு, சமுதாயத்தின் பொறுப்பு. அவ்வில்லாமையை இரண்டு தனிமனிதருக்கிடையே துலாக்கோலில் வைத்து, இவரது துன்பம் இத்தனை, அவரது துன்பம் அத்தனை எனப் பங்கிடுமாறு நீதிபதி பணிக்கப்படுகின்றார். பொதுக் குறையொன்று தனியார் வழக்காக உருமாறுகின்றது.

இவ்வுருமாற்றத்தை மேலும் தெளிவாகக் காட்டுவது பின்னர் வந்த ஒரு திருத்தம். உடைமையாளர் தமது நியாயமான தேவையை நிலைநாட்டித் தீர்ப்புப் பெற்றாலும், தேசிய வீடமைப்பு ஆணையாளர் குடியிருப்பாளருக்கு மாற்று வீடு தர இயலும் என அறிவிக்கும் வரை அத்தீர்ப்பை நிறைவேற்ற இயலாது என அது விதித்தது. கொள்கையளவில் இதைவிட நேரியது வேறில்லை: வீட்டை இழப்பவருக்கு அரசு வீடு தரவேண்டும். ஆயின் தருவதற்கு ஆணையாளரிடம் வீடு இருத்தல் வேண்டுமன்றோ? வீடு இல்லாதவிடத்து, வென்றவர் கையில் தீர்ப்பும் தோற்றவர் கையில் வீடும் ஆண்டுக்கணக்கில் இருந்தன. அரசு தான் ஏற்றுக்கொண்ட கடமையைத் தான் செய்யாது, அதன் சுமையைக் குறிப்பிட்ட ஓர் உடைமையாளரின் தோளில் இறக்கி வைத்தது. அவர் பல வீடுகளுடையவராயின் அதனை வரியென்று எண்ணி ஆறுதல் கொள்ளலாம். ஓய்வூதியம் பெறும் எழுதுவினைஞராகவோ கணவனை இழந்து ஒரே வீட்டின் வாடகையை நம்பி வாழ்பவராகவோ இருப்பின் அவருக்கு அது தண்டனையாகும்.

ஈண்டுத்தான் சட்டத்தின் முதற்குறை வெளிப்படுகின்றது. அது வர்க்கத்தைப் பற்றிப் பேச எண்ணிற்று. ஆயின் வர்க்கத்தை அளக்கும் கோல் அதனிடம் இல்லை. உடைமையாளர் எல்லாரும் செல்வர், குடியிருப்பாளர் எல்லாரும் வறியர் என்பது நாடகத்துக்குப் பொருந்தும் எளிமைப்படுத்தல். கொழும்பின் வணிகத் தெருக்களிற் பழைய நியம வாடகையில் இருந்து பெரும் வாணிபம் நடத்தியோரும் வாடகைக் குடியிருப்பாளரே. ஒற்றை வீட்டுடைமையாளரின் இடரை உணர்ந்தே 1980ஆம் ஆண்டின் 55ஆம் இலக்கத் திருத்தச் சட்டம், ஒரு வீட்டுக்கு மேல் இல்லாதவர் ஐந்தாண்டு வாடகைக்குச் சமமான தொகையைக் குடியிருப்பாளருக்காக ஆணையாளரிடம் வைப்புச் செய்து வீட்டைக் கோரலாம் என வழிசெய்தது. உடைமையாளர் பக்கத்து அநீதி ஒன்று இவ்வாறு தணிக்கப்பட்டது. ஆயின் கணக்கைப் பாருங்கள். மாத வாடகை நூறு ரூபா எனக் கொண்டால், ஐந்தாண்டுக்கு வருவது 6,000 ரூபா. வாடகை கட்டுப்படுத்தப்பட்டமையால் இழப்பீடும் கட்டுப்படுத்தப்பட்டது. வெளியேறுபவர் கட்டுப்பாடற்ற சந்தையிலேயே புது வீடு தேடவேண்டும். அவருக்குக் கிடைப்பதோ கட்டுப்பாட்டு உலகத்தின் பணம்.

இரண்டாவது குறை நியம வாடகையின் உறைநிலை. 1948ஆம் ஆண்டுச் சட்டம் 1941 நவம்பர் மாதத்து மதிப்பீட்டை அடிப்படையாகக் கொண்டது. 1972ஆம் ஆண்டுச் சட்டம் 1968 சனவரி மதிப்பீட்டைக் கொண்டது. காலம் ஓடப் பணத்தின் மதிப்பு வீழ்ந்தது. வாடகை நின்ற இடத்தில் நின்றது. கூரை ஓட்டின் விலையும் தச்சனின் கூலியும் சட்டத்துக்குக் கட்டுப்படவில்லை. திருத்துமாறு வாடகைச் சபை கட்டளையிடலாம். ஓராண்டு வாடகை ஒரு சுவரைப் பூசுவதற்கே போதாதவிடத்து அக்கட்டளையின் பயன் என்ன? வெளியேற்றத்தினின்றும் காக்கப்பட்ட குடும்பம் ஒழுகும் கூரையினின்றும் காக்கப்படவில்லை. அத்துடன், புதிதாக வாடகைக்குக் கொடுக்க உடைமையாளர் தயங்கினர். கொடுத்தோர் ‘கீ மணி’ என்னும் மறைமுகத் தொகையைக் கோரினர். சட்டம் உள்ளே இருப்பவருக்குக் கதவைத் தாழிட்டுக் கொடுத்தது. அதே தாழ் வெளியே நின்றவருக்கு எதிரானதாயிற்று.

இக்குறையைக் காட்டிக் கட்டுப்பாட்டையே ஒழிக்கவேண்டும் என்போர் உளர். அவர்களது வாதத்துக்கு அரசு பாதி இணங்கியது. 1980 சனவரி முதலாந் திகதிக்குப் பின்னர் கட்டி வாடகைக்கு விடப்படும் வசிப்பிடங்கள் சட்டத்தின் எல்லைக்கு வெளியே வைக்கப்பட்டன. இதனால் ஒரே தெருவில் இருவகைக் குடியிருப்பாளர் தோன்றினர். பழைய வீட்டில் இருப்பவருக்கு ஏறத்தாழ உடைமைக்கு நிகரான பாதுகாப்பு. புதிய வீட்டில் இருப்பவருக்கு ஒப்பந்தத்தின் பாதுகாப்பு மட்டும். ஒருவரது உரிமை அவரது தேவையால் அன்றி, அவர் தலைக்கு மேலுள்ள கூரையின் வயதாலே தீர்மானிக்கப்படலாயிற்று. இப்போக்கின் தொடர்ச்சியாகவே 2023ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கச் சட்டம், குத்தகை முடிந்த இடத்தை உடைமையாளர் விரைவாக மீட்பதற்கெனத் தனி நடைமுறையை உருவாக்கியது. வழக்குகள் பல்லாண்டு நீள்வது அநீதி என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் விரைவு எப்பக்கத்துக்கு வழங்கப்படுகின்றது என்பதைக் கவனித்தல் வேண்டும். திருத்த வேலைக்காகவோ முற்பணத்தை மீளப் பெறுவதற்காகவோ முறையிடும் குடியிருப்பாளருக்கு அத்தகைய விரைவு அச்சட்டத்திற் கிட்டவில்லை.

மூன்றாவதாக, இச்சட்டம் காணும் குடும்பம் எத்தகையது என்பதும் ஆராயத்தக்கது. குடியிருப்பாளர் வந்தபின் வீட்டை விலைக்கு வாங்கியவர், தமக்குத் தேவையெனக் கூறி அவரை வெளியேற்ற 22ஆம் பிரிவு இடமளிப்பதில்லை. குடியோடு வீட்டை மலிவாக வாங்கிப் பின்னர் குடியை எழுப்பும் வாணிபத்தைத் தடுப்பதே இதன் நோக்கம். மிகச் சிறந்த நோக்கம். முன்னரே உடைமை கொண்டிருந்த பெற்றோரிடமிருந்தோ வாழ்க்கைத் துணையிடமிருந்தோ முதுசமாகவோ நன்கொடையாகவோ பெற்றவருக்கு மட்டும் விலக்குண்டு. தந்தை மகளுக்கு நன்கொடையாக எழுதிய வீடு இவ்விலக்கினுள் அடங்கும். பெற்றோரை இழந்த பெண்ணுக்குத் தாய்மாமன் எழுதிக் கொடுத்த வீடு அடங்காது. யாழ்ப்பாணத்துக் குடும்ப வாழ்வில் மாமனும் பேரனும் பெரிய தாயாரும் வகிக்கும் இடத்தை அறிந்த எவருக்கும் இவ்வெல்லைக்கோடு செயற்கையாகவே தோன்றும். சட்டம் மனங்கொண்ட குடும்பம் தந்தை, தாய், பிள்ளை என்னும் நகரச் சிறு குடும்பமே.

இவற்றினும் பாரதூரமானது சட்டத்தின் மௌனம். மலையகத் தோட்டத் தொழிலாளரின் லயன் அறை வாடகைக்குப் பெறப்பட்டதன்று, உழைப்போடு பிணைக்கப்பட்டது. வாடகை இல்லை, ஆதலால் வாடகைச் சட்டம் தந்த பாதுகாப்பும் இல்லை. தலைமுறை தலைமுறையாக ஒரே அறையிற் பிறந்து வாழ்ந்து மறைந்தோர் அச்சட்டத்தின் கண்ணுக்குக் குடியிருப்பாளர் அல்லர். அவ்வாறே, பிறர் வீட்டில் உணவுடன் அறை பெற்றுத் தங்குவோரும் பெரும்பாலும் தனித்த ஆட்சியுடைய குடியிருப்பாளராகக் கொள்ளப்படுவதில்லை. அனுமதி பெற்றுத் தங்குவோர் மட்டுமே. இவ்விதழின் வாசகருட் பலர் அவ்வகையினரே. பல்கலைக்கழக விடுதியில் இடங்கிடையாது வெளியே அறையெடுத்துத் தங்கும் மாணவர், தேர்வுக்கு முதல்வாரம் வெளியேறுமாறு சொல்லப்பட்டால், இதுகாறும் நாம் புகழ்ந்த பிரிவுகளில் எதனைக் காட்டுவார்?

அம்மௌனத்தின் கனத்தை 2007ஆம் ஆண்டு நாம் அறிந்தோம். அவ்வாண்டு யூன் 7ஆந் திகதி கொழும்பின் விடுதிகளில் தங்கியிருந்த ஏறத்தாழ 376 தமிழர் பொலிசாரால் வெளியேற்றப்பட்டுப் பேருந்துகளில் வடக்குக்கும் கிழக்குக்கும் அனுப்பப்பட்டனர். மருத்துவத்துக்காகவும் வேலைக்காகவும் வெளிநாட்டுப் பயண ஆவணங்களுக்காகவும் வந்து, வாடகை செலுத்தித் தங்கியிருந்தோர் அவர்கள். வாடகை பாக்கியென்றோ வீடு தேவையென்றோ எந்த உடைமையாளரும் அவர்களுக்கு எதிராக வழக்குத் தொடரவில்லை. வாடகைச் சட்டம் உடைமையாளரிடமிருந்து குடியிருப்பாளரைக் காக்கவே இயற்றப்பட்டது. அரசே வந்து கதவைத் தட்டும்போது என் செய்வதென்பது அதன் பொருளில் இல்லை. மறுநாள் உயர் நீதிமன்றம் அடிப்படை உரிமை மனுவொன்றின்மீது இடைக்காலத் தடை விதித்தே அதனை நிறுத்தியது. ஒருவர் தாம் தங்கும் இடத்திலிருந்து காரணமின்றி அகற்றப்படலாகாது என்பது வாடகையின் பாற்பட்ட உரிமை மட்டுமன்று, மனிதராயிருப்பதன் பாற்பட்ட உரிமையுமாகும் என்பதனை அந்நிகழ்ச்சி கற்பித்தது.

அவ்வாறாயின் 1972ஆம் ஆண்டுச் சட்டத்தைத் தோல்வியென்று தள்ளிவிடலாமா? அவ்வாறு முடிவு செய்தல் பொருந்தாது. ஒரு மாத அறிவித்தலோடு தெருவுக்கு வந்திருக்கக்கூடிய எத்தனையோ குடும்பங்கள் அதன் நிழலிற் பிள்ளைகளைப் படிப்பித்து ஆளாக்கின. வெளியேற்றத்துக்குக் காரணம் காட்டவேண்டும் என்ற ஒரு விதியே பெரும் பண்பாட்டு மாற்றமாகும். சட்டத்தின் குறை அது அதிகமாகக் காத்தது என்பதன்று. வீடு கட்டாது வீட்டைப் பங்கிட முயன்றதும், பங்கிடும்போது தன் கண்ணிற்பட்டவர்க்கு மட்டும் பங்கிட்டதுமே அதன் குறையாகும். கட்டுப்பாட்டை நீக்கினால் எல்லாம் சீராகும் என்போரும் இதே பிழையை மறுதலையாகச் செய்கின்றனர். முன்னையோர் பஞ்சத்தை உடைமையாளரின் தலையில் வைத்தனர். பின்னையோர் குடியிருப்பாளரின் தலையில் வைக்க விழைகின்றனர். இரு சாராருமே அதனை அரசின் தலையில் வைக்க அஞ்சுகின்றனர்.

எனவே இனி வரும் எந்த வாடகைச் சட்டத்தையும் நாம் சில வினாக்களால் அளத்தல் வேண்டும். வெளியேற்றத்துக்குக் காரணமும் கால அவகாசமும் அது கட்டாயமாக்குகின்றதா? வாடகையைப் பணமதிப்பின் அசைவுக்கேற்ப, ஆயின் குடியிருப்பாளரின் வருவாயை மீறாது, திருத்துவதற்கு முறையொன்றை வகுக்கின்றதா? மாற்று வீடு தரும் கடமையை ஏற்குமாயின் அதற்கான வீடுகளையும் கட்டுகின்றதா? அறையிலும் விடுதியிலும் லயனிலும் வாழ்பவரைக் குடியிருப்பாளரென ஒப்புக்கொள்கின்றதா? அறிவித்தல் அதனைப் பெறுபவர் வாசிக்கக்கூடிய மொழியில் இருக்கவேண்டும் என்கின்றதா? பற்றுச்சீட்டுக் கேட்க அஞ்சி வாடகை செலுத்தி வந்தவர் நீதிமன்றில் எதையும் நிறுவமுடியாது நிற்பதும், அறிவித்தலின் பொருள் விளங்காது காலக்கெடுவைத் தவறவிடுவதும், உரிமைகள் இல்லாமையால் அன்று, உரிமைகள் அறியப்படாமையால் நேர்வன. சட்டம் பயிலும் மாணவரும் தமிழ் பயிலும் மாணவரும் ஒன்றுசேர்ந்து 22ஆம் பிரிவை எளிய தமிழில் எழுதி வீடுவீடாகக் கொண்டுசென்றால், அது எம் சங்கங்கள் நடத்தும் பல விழாக்களைக் காட்டிலும் பயனுடைய தமிழ்த்தொண்டாகும்.

‘குடி’ என்னும் சொல் தமிழில் வீட்டையும் குறிக்கும், குடும்பத்தையும் குறிக்கும், ஆளப்படும் மக்களையும் குறிக்கும். இம்மூன்றையும் ஒரே சொல்லால் வழங்கிய மொழி, இடமின்றிக் குடும்பமும் இல்லை, குடிமையும் இல்லை என்பதை உணர்ந்திருந்தது போலும். நியாயமான தேவை யாருடையது என்று நீதிமன்றம் இருவரை மட்டும் நோக்கிக் கேட்டது. அவ்வினாவை நாட்டை நோக்கிக் கேட்கும் சட்டம் இனித்தான் எழுதப்படவேண்டும்.